கருப்பட்டி அறையில் அணைந்த பல்பு

போன வாரம் பள்ளிச் சுற்றுலாவுக்கான ஒப்புதல் தாளை நீட்டி, "அப்பா, சீக்கிரம் ஒரு சைன்" என்றாய், பெரியவளே. வாசலில் ஆட்டோ நின்றுகொண்டிருந்தது. நான் கண்ணாடியைத் தேடி எடுத்து, முன்பக்கத்தைப் படித்து, திருப்பிப் பின்பக்கத்தையும் படித்தேன். "நீங்க படிச்சு முடிக்கறதுக்குள்ள நாங்க போயிட்டுத் திரும்பியே வந்துடுவோம்" என்று முணுமுணுத்தாய். சின்னவள் சிரித்தாள். அம்மா சிரிக்கவில்லை.

அவளுக்குக் காரணம் தெரியும், உங்களுக்குத் தெரியாது. அது உங்கள் குற்றமில்லை, நான்தான் சொல்லவில்லை. எட்டாவது வரைக்கும் படித்தவன் நான். இத்தனை பக்கம் எழுதிப் பழக்கமில்லை. ஆனால் வாயால் சொல்ல ஆரம்பித்தால் பாதியில் நிறுத்திவிடுவேன். அதனால் எழுதுகிறேன்.

இப்போது அப்பளமும் வத்தலும் விற்கிற நம் திருவொற்றியூர் கடை, நீங்கள் சின்னப் பிள்ளைகளாக இருந்தபோது கருப்பட்டிக் கடை. கருப்பட்டி எங்கிருந்து வந்தது என்றால், ஊரிலிருக்கும் உங்கள் அத்தையிடமிருந்து. அதாவது என் அக்காவிடமிருந்து. அத்தான் பனை ஏறிப் பதநீர் இறக்குவார். அக்கா அதைக் காய்ச்சிச் சிரட்டையில் ஊற்றுவாள். பாகு இறுகுகிற நேரத்தில், இறுகிவிட்டதா என்று பார்க்க ஒவ்வொன்றின் மேலும் கட்டைவிரலை ஒரு தரம் வைப்பாள். அதனால் அவள் கருப்பட்டி எல்லாவற்றிலும் சின்னதாக ஒரு குழி இருக்கும். வேறு யார் சரக்கோடு கலந்தாலும் நான் கண்ணை மூடித் தடவியே பிரித்துவிடுவேன்.

பங்குனியிலிருந்து ஆடி வரை காய்ச்சியதை எல்லாம் ஓலையில் பொதிந்து, சிப்பம் சிப்பமாகக் கட்டி, ஆவணியில் லாரியில் ஏற்றிவிடுவாள். நான் அதைத் தீபாவளிக்கு முந்தின வாரம்தான் பிரித்து, பொங்கல் வரை வைத்து விற்பேன்; அதுவரை பழைய சரக்கின் மிச்சம் ஓடும். நான் சொல்லப்போகிற அந்த வருடம் அத்தானுக்கு முழங்கால் வலி. "இந்தச் சரக்கு நல்லபடியா போனா அடுத்த வருசமும் பனை குத்தகைக்கு எடுப்போம். இல்லன்னா அத்தான் போதும்னுட்டு இறங்கிருவாவ" என்று அக்கா சொல்லியிருந்தாள். அந்த வருடத்துச் சரக்கில் இருந்தது அவ்வளவுதான். அவர்களுடைய அடுத்த வருடம்.

கருப்பட்டிக்கு ஈரம் ஆகாது. கடலோ நமக்கு நாலு தெரு தள்ளி. மழைக்காலத்தில் கடைக்குப் பின்னாலிருந்த அறையின் சுவரைத் தொட்டால் கையில் உப்பு ஒட்டும். அதற்கு நான் செய்தது ஒன்றே ஒன்று. நடு அறையில் நூறு வாட் குண்டு பல்பு ஒன்றைத் தொங்கவிட்டேன். ஐப்பசியில் போட்டால் தையில்தான் அணைப்பேன். அந்தச் சூட்டில் அறை காய்ந்தபடியே இருக்கும். குண்டு பல்பு அப்போதே எளிதில் கிடைக்காது. யானைக்கவுனிக்குச் சரக்கு எடுக்கப் போகும்போதெல்லாம் தேடி இரண்டு வாங்கி வைத்துக்கொள்வேன்.

அக்கா அனுப்புகிற சரக்கு வந்து சேரும் அந்த யானைக்கவுனி லாரி ஆபீஸின் பழக்கத்தையும் சொல்ல வேண்டும். பின்னால் நடந்த எல்லாவற்றுக்கும் அதுவே காரணம். சரக்கு வந்ததும் அவர்கள் ஒரு சீட்டு நீட்டுவார்கள். 'மேற்கண்ட சரக்கை நல்ல நிலையில் எண்ணிப் பெற்றுக்கொண்டேன்' என்று அச்சடித்திருக்கும். அப்போது சரக்கு லாரியை விட்டு இறங்கியே இருக்காது. ஆனாலும் எல்லோரும் கையெழுத்துப் போடுவோம். பின்னால் வண்டிகள் ஹாரன் அடிக்கும், சுமை இறக்குபவர்கள் திட்டுவார்கள். எண்ணிவிட்டுத்தான் போடுவேன் என்று ஒருவன் நின்றால் அந்தத் தெருவே நின்றுபோகும். ஏதாவது உடைந்திருந்தால் சாயங்காலம் போனில், "அண்ணாச்சி, ரெண்டு சிப்பம் நசுங்கியிருக்கு" என்றால், "சரிண்ணே, பாத்துக்கலாம்" என்பார்கள். பார்த்தும் கொள்வார்கள். முதலில் கையெழுத்து, பிறகு பேச்சு. இருபது வருடம் அப்படித்தான் நடந்தது. நான் கையெழுத்துப் போட்ட ஒரு சீட்டையும் படித்ததில்லை.

இன்னொன்று, கல்லாவுக்குப் பக்கத்தில் இரண்டு தட்டு வைத்திருந்தேன். ஒன்றில் அக்காவின் கருப்பட்டி, உடைத்தது. இன்னொன்றில் சீனி கலந்த கருப்பட்டி. அதை நானே வெளியில் காசு கொடுத்து வாங்கி வந்து, கல்லாவுக்கு அடியில் ஒரு பையில் போட்டு வைத்திருப்பேன். வருகிறவர்களிடம், "இது மினுக்குது பாருங்க, சீனி. இது மினுக்காது, அசல். ரெண்டையும் வாயில போட்டுப் பாருங்க" என்பேன். அதில் எனக்கு ஒரு பெருமை. இது விற்பனைக்கு அல்ல என்று ஒரு அட்டையில் எழுதி வைக்க வேண்டும் என்று எனக்குத் தோன்றவே இல்லை. நாள் முழுக்க வாயால் சொல்லிக்கொண்டுதானே இருக்கிறேன் என்று நினைத்தேன்.

தீபாவளிக்குப் பத்துப் பன்னிரண்டு நாள் இருக்கும். காலை பதினொரு மணி. உணவுப் பொருளைச் சோதிக்கிற அதிகாரிகள் மூன்று பேர் வந்தார்கள். ஒரு மேடம், கூட இரண்டு பேர். அவர்களும் காலையிலிருந்து வெயிலில் கடை கடையாக ஏறி இறங்கியவர்கள். மேடத்தின் முகம் கறுத்துப்போயிருந்தது. தண்ணீர் கொடுத்தேன். வேண்டாம் என்றார். தட்டைப் பார்த்தார்.

"இது என்ன?"

"அது சீனி போட்டது மேடம். வர்றவங்களுக்குக் காட்டறதுக்காக..."

"சீனி கலந்ததுன்னு நீங்களே ஒத்துக்கறீங்க."

"ஒத்துக்கலை மேடம், சொல்றேன். வித்தியாசம் தெரியணும்னு..."

"எழுதிக்கோங்க" என்றார், கூட வந்தவரிடம்.

எனக்கு நிம்மதியாக இருந்தது. நான் சொல்வதைத்தான் எழுதிக்கொள்ளச் சொல்கிறார் என்று நினைத்தேன். அவர் எழுதியது ஒரே வரி. அதைப் பின்னால்தான் பார்த்தேன்: 'சீனி கலந்த கருப்பட்டி இருப்பில் வைக்கப்பட்டுள்ளது.'

பையிலிருந்து மாதிரி எடுத்தார்கள். பின்னறைச் சிப்பத்திலிருந்தும் எடுத்தார்கள். எல்லாவற்றையும் என் எதிரிலேயே பொட்டலம் கட்டி ஒட்டினார்கள். அதில் நான் ஒரு குறையும் சொல்ல மாட்டேன். பிறகு பின்னறையைச் சீல் வைக்கப்போவதாகச் சொன்னார்கள்.

"எல்லாத்தையுமா மேடம்? அது எங்க அக்கா காய்ச்சினது."

"ரிப்போர்ட் வரட்டும். நல்லதுன்னா திரும்பக் குடுத்துடுவோம். பயப்படாதீங்க."

கூட வந்தவர்களில் ஒருவர் பல்பைப் பார்த்தார். "மெயினை ஆஃப் பண்ணுங்க. பூட்டின ரூம்ல லைட் எரியக் கூடாது."

"சார், அந்தப் பல்பு எரியலைன்னா மழைக்குச் சரக்கு கரைஞ்சிடும். பல்பை மட்டும் விட்டுடுங்க. வேற எதையும் நான் தொட மாட்டேன்."

"தீப்பிடிச்சா யார் மேல வரும்? என் மேல வரும்."

அவர் சொன்னதும் நியாயம்தான். அவரே கையை நீட்டி அணைத்தார். ஷட்டரை இழுத்து, பூட்டி, துணி சுற்றி, அரக்கை உருக்கி ஊற்றி முத்திரை வைத்தார். உள்ளே இருட்டில் என்ன இருக்கிறது என்று எனக்கும் அக்காவுக்கும் மட்டும்தான் தெரியும்.

பிறகு தாள்கள். மேடம் அடுத்த கடைக்குப் போக எழுந்துவிட்டார். "இங்க, இங்க, இங்க" என்று அவர் விரல் வைத்த இடத்திலெல்லாம் போட்டேன். ஆறோ ஏழோ கையெழுத்து. லாரி ஆபீஸ் மாதிரியே மனதில் நினைத்துக்கொண்டேன். இப்போது போட்டுக் கொடுப்போம், அவசரத்தில் இருக்கிறார்கள், நாளைக்குப் போய் நிதானமாகப் பேசிக்கொள்ளலாம். மரியாதையாக நடந்துகொண்டால் மரியாதையாகக் கேட்பார்கள். அப்படித்தான் நினைத்தேன்.

மத்தியானம் சாப்பாடு கொண்டுவந்த உங்கள் அம்மா, அவர்கள் கொடுத்துவிட்டுப் போன நகலை எடுத்துப் படித்தாள். பத்தாவது படித்தவள், என்னைவிட வேகமாகப் படிப்பாள். படித்துக்கொண்டே வந்தவள் ஒரு இடத்தில் நின்றாள்.

"'வியாபாரியின் விளக்கம்: ஏதும் இல்லை. ஆட்சேபணை: ஏதும் இல்லை.' என்னங்க இது? நீங்க ஒண்ணும் சொல்லலையா?"

"சொன்னேனே. தட்டு எதுக்குன்னு சொன்னேன். பல்பைப் பத்திச் சொன்னேன்."

"எங்க எழுதியிருக்கு?"

நான் தாளை எட்டிப் பார்த்தேன்.

"நீங்க சொன்னதுக்கு இதுல இடம் இருந்திருக்கு. அந்த இடத்துல ஏதும் இல்லைன்னு போட்டு, அதுக்குக் கீழ உங்க கையெழுத்து."

திட்டியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். சோற்றைத் தட்டில் போட்டாள். நான் சாப்பிடும்வரை அந்தத் தாளை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அந்த நகலில் நான் கண்டுபிடித்த ஒரே தவறு, சிப்பம் நாற்பத்தொன்று என்று எழுதியிருந்தது. எனக்கு வந்தது நாற்பது. ஒவ்வொரு வருடமும் நாற்பதுதான். "பாத்தியா, எண்ணக்கூடத் தெரியலை" என்றேன். அது எனக்குப் பெரிய பிடிமானமாகத் தெரிந்தது.

மறுநாள் அந்த ஆபீஸுக்குப் போனேன். மேடம் வெளியில் முகாமுக்குப் போயிருந்தார். மேசையில் இருந்த எழுத்தர், "வாயால சொல்லாதீங்க, எழுதிக் குடுங்க" என்றார். வீட்டுக்கு வந்து மூன்று பக்கம் எழுதினேன். அக்கா, அத்தான் முழங்கால், தட்டு, பல்பு, நாற்பது நாற்பத்தொன்றாக எழுதப்பட்ட பிழை, எல்லாம். எழுத்தர் ஒரு பக்கத்தைப் படித்துவிட்டு, "கதை மாதிரி எழுதியிருக்கீங்களே பெரியவரே" என்று சிரித்து, வாங்கிக் காகிதக் கட்டுக்குள் வைத்தார். அப்போது எனக்கு முப்பத்தெட்டு வயது. அடுத்த வாரம் போனால் அந்தத் தாள் இல்லை. "குடுத்ததுக்கு அத்தாட்சி இருக்கா?" என்றார்கள். இல்லை. கேட்டு வாங்க வேண்டும் என்று தெரியாது. திரும்ப எழுதினேன். இந்தத் தடவை அம்மா சொல்லிக் கொடுத்தபடி நகலில் முத்திரை வாங்கிக்கொண்டேன். அதை வாங்க ஒரு பகல் போயிற்று.

சீல் வைத்த வாரமே மழை பிடித்துக்கொண்டிருந்தது.

அக்கா போன் செய்தாள். தொலைக்காட்சியில் சென்னை மழையைக் காட்டினால் உடனே செய்துவிடுவாள்.

"ஏல தம்பி, அங்க ஒரே மழைங்கான். பிள்ளைய நல்லாருக்காளுவளா?"

"நல்லாருக்காங்கக்கா."

"பல்பு எரியுதாடே?"

சொல்லியிருக்க வேண்டும். சொல்லும்படியாகத்தான் கேட்டாள். ஆனால் தொலைதூரத்தில் இருக்கிறவள் என்ன செய்வாள், ரிப்போர்ட் வந்து திறந்தால் எல்லாம் சரியாகிவிடும், எதற்கு வருத்த வேண்டும் என்று நானாகவே முடிவு செய்தேன்.

"எரியுதுக்கா."

"அப்ப சரி" என்றாள். அந்தக் குரலில் இருந்த நிம்மதி இன்னும் என் காதில் இருக்கிறது.

மழை தொடங்கிய நாலாவது நாள் ஷட்டருக்கு அடியில் எறும்பு சாரை போயிற்று. நான் சீலைத் தொடக் கூடாது, எறும்புக்கு அது தெரியாது. ஏழாவது நாளோ எட்டாவது நாளோ, ஷட்டருக்கும் தரைக்கும் நடுவிலிருந்து கறுப்பாக ஒரு கோடு வெளியே வந்தது. விரல் அகலம். குனிந்து தொட்டு வாயில் வைத்தேன். அக்காவின் கருப்பட்டி. வாசல் கழுவுகிற துணியால் துடைத்தேன். மறுபடியும் வந்தது. மறுபடியும் துடைத்தேன்.

நமக்குச் சரக்கு ஏற்றிவரும் குட்டியானை வண்டி டிரைவரை நினைவிருக்கிறதா? கிறிஸ்துமஸுக்கு உங்களுக்குக் கேக் கொண்டுவருவாரே, ராயபுரத்துக்காரர், அவர்தான். அவர் அன்றைக்கு வந்து பார்த்துவிட்டு இடுப்பில் கைவைத்து நின்றார்.

"இன்னா அண்ணாச்சி, ரூமுக்கு மூக்கு ஒழுவுது?"

"என்னப்பா செய்யச் சொல்றே?"

"ஏணி கீதா? பின்னாடி ஷீட்ட ரெண்டு இஞ்சி நவுத்தினா போதும். ஒயர உட்டு பல்ப தொங்க வுட்ரலாம். சீலு முன்னாடி பத்திரமா கீது, பல்பு பின்னாடி ஜோரா எரியுது. எவனுக்குத் தெரியப் போவுது?"

"என் மேல தப்பில்லைன்னு எழுதிக் குடுத்திருக்கேன். அப்படி எழுதினவன் கூரையைப் பிரிக்கலாமா?"

"தோடா! நீ எழுதின பேப்பரு அங்க ஃபைலுக்குள்ள நல்லா தூங்கிகினு கீது. உன் சரக்கு இங்க அழுதுகினு கீது. இன்னா நைனா நீ, இவ்ளோ பேஜாருல நாயம் பேசிகினு!"

அவரே ஏணியை வைத்தார். நான் ஏறினேன். மழை நின்றிருந்தது, ஷீட் ஈரமாக இருந்தது. மேலிருந்து பார்த்தால் எண்ணூர் சாலையில் கண்டெய்னர் லாரிகள் வரிசையாக நிற்பது தெரிந்தது. ஒவ்வொன்றிலும் சீல். ஷீட்டின் விளிம்பில் கையை வைத்தேன். லேசாகத் தூக்கவும் தூக்கினேன். உள்ளிருந்து அந்த வாசம் வந்தது, அக்கா வீட்டு அடுப்படி வாசம். கீழே டிரைவர், "தூக்கு, தூக்கு" என்றார்.

விட்டுவிட்டு இறங்கிவிட்டேன்.

அது சரியா தவறா என்று இன்றுவரைக்கும் எனக்குத் தெரியவில்லை. உங்களுக்கு நல்லது சொல்ல வேண்டிய அப்பா இதைத் தெளிவாகச் சொல்ல வேண்டும். எனக்குத் தெளிவாக இல்லை. தூக்கியிருந்தால் பாதிச் சரக்காவது மிஞ்சியிருக்கும். தூக்கியிருந்தால், பிறகு எவர் முன்னால் உட்கார்ந்து என் பக்கம் நியாயம் இருக்கிறது என்று சொல்லியிருப்பேன்? டிரைவர் ஏணியை மடக்கிக்கொண்டே, "நீயெல்லாம் யாவாரம் பண்ண வந்துட்ட" என்றார். கோபமில்லை. அவருக்கும் கண் கலங்கியிருந்தது.

தீபாவளி கழிந்து இரண்டு வாரத்தில் கூப்பிட்டார்கள். மேலதிகாரி ஒருவர். உட்காரச் சொன்னார். என் இரண்டாவது மனுவை எதிரில் வைத்து முழுக்கப் படித்தார், மூன்று பக்கத்தையும். நான் எழுதியதை ஒருவர் முழுக்கப் படிப்பதை அன்றுதான் பார்த்தேன். பிறகு கேட்டார், நான் சொன்னேன். குறுக்கே பேசவில்லை. ஐந்து நிமிடம்தான். தட்டு, பை, அக்காவின் கட்டைவிரல் குழி வரை சொன்னேன்.

"பின்னறைச் சரக்கு சுத்தம்னு ரிப்போர்ட் வந்திருக்கு. பையில இருந்ததுல சீனி. நீங்க சொன்னதோட ஒத்துப்போகுது. இதை அன்னைக்கே சொல்லியிருந்தீங்கன்னா சீல் வைக்கிற அளவுக்கே வந்திருக்காதே."

"அன்னைக்கே சொன்னேன் சார்."

அவர் தாளைத் திருப்பிப் பார்த்தார். "ஏதும் இல்லைன்னு இருக்கு."

"ஆமா சார். இருக்கு."

அவர் தாளைக் கீழே வைத்தார். நம்பினார் என்றுதான் நினைக்கிறேன். "எண்ணிக்கை தப்புன்னு வேற எழுதியிருக்கீங்க" என்றார். "ஆமா சார், நாற்பதுதான்" என்று அழுத்திச் சொன்னேன். "திறக்கும்போது எண்ணிப் பார்த்துக்கோங்க" என்றார். ஐந்தே நிமிடம். அந்த ஐந்து நிமிடம் முதல் நாள் கிடைத்திருந்தால் என்று நினைக்காத மழைக்காலம் எனக்கு இல்லை.

மறுநாள் அதே மேடம் வந்து அரக்கை உடைத்தார். ஷட்டர் ஒட்டிக்கொண்டிருந்தது. டிரைவரும் நானும் சேர்ந்து தூக்கினோம்.

எண்ணுவதற்கு ஒன்றும் இல்லை. மேல் வரிசை கீழ் வரிசையில் இறங்கி, ஓலையும் சணலும் கருப்பட்டியும் ஒரே கட்டியாகப் படிந்திருந்தது. தரை முழுக்கப் பாகு. பூசணம் வெள்ளையாகப் பூத்திருந்தது. எறும்பு செத்து ஒட்டியிருந்தது. கையைவிட்டுத் துழாவினேன். எதிலும் அந்தக் குழி இல்லை. நடுவில் பல்பு, எப்போதும்போலத் தொங்கிக்கொண்டிருந்தது. மேடம் வாசலிலேயே நின்றார். "இப்படி ஆகும்னு..." என்று ஆரம்பித்து நிறுத்திக்கொண்டார்.

கூட வந்தவர் தாளை நீட்டினார். விரலை வைத்து, "இங்க" என்றார். நான் வாங்கிப் படித்தேன். கையெழுத்துக்கு முன்னால் படித்தது வாழ்நாளில் அதுதான் முதல் தடவை. 'பறிமுதல் செய்யப்பட்ட பொருட்களை நல்ல நிலையில் எண்ணித் திரும்பப் பெற்றுக்கொண்டேன்.'

"இதுல போட மாட்டேன் சார்."

"போடலைன்னா ஃபைல முடிக்க முடியாதே."

"முடிக்க வேணாம். நான் சொல்றத எழுதணும்."

அவர் மேடத்தைப் பார்த்தார். மேடம், "அவர் எழுதட்டும்" என்றார். பேனாவையும் அவரே தந்தார். நான் கல்லாவில் உட்கார்ந்து, கையைத் துடைத்துவிட்டு, அந்த வரியை அடித்து, கீழே எழுதினேன். எழுத்து கோணிக்கொண்டு போயிற்று. பல்பை அணைக்க வேண்டாம் என்று முதல் நாளே கேட்டேன் என்றும், சரக்கு கரைந்து கெட்ட நிலையில் இருக்கிறது என்றும், எண்ண முடியவில்லை என்றும் எழுத அரைமணி நேரம் ஆனது. மூன்று பேரும் நின்றார்கள். அவசரப்படுத்தவில்லை. எழுதி என்ன ஆயிற்று என்று கேட்காதீர்கள். ஒன்றும் ஆகவில்லை. சரக்கு திரும்பவில்லை. ஆனால் அந்தத் தாளில் 'ஏதும் இல்லை' என்று இல்லை.

பிறகு அக்காவுக்குப் போன் செய்தேன். சொன்னேன். அவள் பக்கம் கோழி கத்துவது மட்டும் கேட்டது.

"அப்ப, பல்பு எரியுதுன்னு சொன்னியே?"

"பொய்க்கா."

"காய்ச்சுனது நாந்தானடே? என்கிட்ட ஒரு வார்த்த சொல்லியிருந்தா ராத்திரி பஸ் ஏறி வந்திருப்பேம்லா. சட்டியத் தூக்கிட்டு வந்து அந்த அம்மா முன்னாடியே காய்ச்சிக் காட்டியிருப்பேன். என்னயக் கேக்கணும்னு உனக்குத் தோணலியா?"

என்னை ஒருவரும் கேட்கவில்லை என்று ஒரு மாதம் புலம்பிய நான், அவளைக் கேட்கவே இல்லை. அவள் சரக்கைப் பற்றி, அவள் பெயரால், ஏதும் இல்லை என்று நானே போட்டுவிட்டேன்.

அடுத்த பங்குனியில் அத்தான் பனை ஏறவில்லை. அக்கா இப்போது உப்பளத்து வேலைக்குப் போகிறாள். நீங்கள் போனில் பேசும்போது அவள் சிரிக்கிற சிரிப்பு பழையதுதான். என்னிடம் மட்டும், மழை பெய்கிறதா என்று கேட்பதை அன்றோடு விட்டுவிட்டாள்.

இதை எழுதி முடித்ததும் உங்களுக்குக் கொடுப்பதற்கு முன்னால், நேற்று மத்தியானம் போனில் அக்காவுக்கு முழுக்க வாசித்துக் காட்டினேன். உன்னைப் பற்றி எழுதியிருக்கிறேன், நீ சொல்ல வேண்டியது ஏதாவது இருந்தால் சொல், சேர்த்துவிட்டுத்தான் பிள்ளைகளிடம் கொடுப்பேன் என்றேன். பொறுமையாகக் கேட்டாள். டிரைவர் பேசுகிற இடத்தில் சிரித்தாள். முடிந்ததும், "எல்லாஞ் சரியாத்தான் எழுதிருக்க. ஒண்ணு மட்டும் தப்பு" என்றாள்.

"என்னக்கா?"

"நாப்பது இல்லடே. நாப்பத்தொண்ணு."

எனக்குப் புரியவில்லை.

"அந்த வருசம் சின்னச் சிரட்டையில சுக்குக் கருப்பட்டி ஊத்தினேன், உன் பிள்ளையளுக்கு. தனியா ஒரு சின்னச் சிப்பம். லாரிச் சீட்டுல நாப்பத்தொண்ணுன்னு போட்டிருக்கும், பாத்துட்டு நீயே என்னன்னு கேப்பன்னு இருந்தேன். நீ கேக்கல. பொறவு அதச் சொல்லி உன்னய இன்னும் நோக வைக்கண்டாம்னு விட்டுட்டேன்."

அவர்கள் எண்ணியது சரி. அதைத் தவறு என்று நான்தான் இரண்டு மனுவிலும் எழுதினேன். மேலதிகாரியிடமும் அடித்துச் சொன்னேன்.

மேலே நாற்பது என்று எழுதிய இடங்களை நான் திருத்தவில்லை. அப்போது நான் நினைத்தது அப்படியே இருக்கட்டும். அக்கா சொன்னதைக் கீழே சேர்க்கிறேன். பின்னறையில் இருந்தது நாற்பத்தொரு சிப்பம். அதில் ஒன்று உங்கள் இரண்டு பேருக்கும்.